மேயர் நெற்றியில் சந்தனம்

ஏப்ரல் 12, சனி

அமெரிக்காவில் வந்து இறங்கிய மறுநாளே ஒரு மேயர் எனக்கு அறிமுகமாகிவிட்டார். அவர் செத்து இருநூறு வருஷம் ஆகிறது என்பது சின்ன விஷயம். பெரிய மனிதர்களுக்கும் எனக்கும் எப்போதும் இப்படித்தான், நான் தேடிப் போக வேண்டியதில்லை.

என் தங்கச்சி மகள் செண்பகம் இங்கே வக்கீல். ஊர் பெயர் ஹார்வின், ஆற்றங்கரை. நம் அம்பாசமுத்திரத்தைத் தூக்கி இதற்குள் வைத்தால் நாலு தெரு மிச்சமிருக்கும், ஆனால் சத்தம் மட்டும் கிடையாது. அவள் புருஷன் நயினாருக்கு ஆஸ்பத்திரியில் வேலை. அவரை வீட்டில் பார்ப்பது கிரகணம் பார்ப்பது மாதிரி. ஆறு மாசம் இருந்துவிட்டுப் போங்கள் என்று கூப்பிட்டார்கள். விசா ஆபீஸில் என்னை விசாரித்த துரை, நான் போனதும் எழுந்து நின்றார். கால் மரத்துப் போயிருக்கும் என்கிறாள் செண்பகம்.

காலையில் "பெக்வித் வீடு" என்ற இடத்துக்குக் கூட்டிப் போனாள். ஏமஸ் பெக்வித் இந்த ஊரின் முதல் மேயர். தொழில் வக்கீல். இங்கிலாந்து ராஜாவை உதறிவிட்டு இந்த நாடு தனிக்குடித்தனம் வைத்த புதிதில் வாழ்ந்தவர். மர வீடு, மாடி உண்டு, நிலைப்படி தாழ்வு. நான் இரண்டு இடத்தில் தலையில் இடித்துக்கொண்டேன். ஒரு மேயரின் நிலைப்படியில் இடிபடுவதற்கும் கொடுப்பினை வேண்டும்.

வீட்டைப் பார்த்துக்கொள்ள ஒரு கமிட்டி. அதன் தலைவி டாரதி அம்மா, ஓய்வுபெற்ற டீச்சர், இஸ்திரி போட்ட மாதிரி முகம். செண்பகம் செயலாளர். சம்பளம் கிடையாது. ஜூன் பத்தாம் தேதி நகரசபை கூடி, இந்த வீட்டைத் தொடர்ந்து நடத்துவதா, பூட்டி விற்றுவிடுவதா என்று ஓட்டுப் போடப் போகிறதாம். பார்க்க ஆள் வருவதில்லை என்பதுதான் குற்றச்சாட்டு. போன மாசம் வந்த இரண்டு பேரில் ஒருவர் பாத்ரூம் கேட்டு வந்தவர்.

"வித்துட்டா என்ன ஆகும்?" என்று கேட்டேன்.

"இடிச்சிட்டு கார் நிறுத்துவாங்க மாமா. நான் ரெண்டு வருஷமா மல்லுக்கட்டிட்டு இருக்கேன்." அவள் குரல் கொஞ்சம் இறங்கிவிட்டது.

கூடத்தில் மேயரின் ஆளுயரப் படம். புகை பிடித்த சமையல்கட்டுச் சுவர் மாதிரி ஒரே கறுப்பு. முகம் மட்டும் மங்கலாகத் தெரிகிறது. வலது கையை மேஜைமேல் வைத்திருக்கிறார், நடுவிரலில் ஒரு கரும்புள்ளி. கீழே பலகையில் என்னமோ எழுதியிருந்தார்கள். மூக்குக்கண்ணாடி பெட்டியில் இருந்ததால் நான் வாசிக்கவில்லை.

ஏப்ரல் 14, திங்கள்

சித்திரைப் பிறப்பு. வடை சுட்டேன். புகை பட்டதும் கூரையில் இருந்த ஒரு வட்டப் பெட்டி அலறி ஊரையே எழுப்பியது. தீயணைப்பு வண்டி வருவதற்குள் செண்பகம் துண்டை வீசி அணைத்தாள். வடையை அல்ல, பெட்டியை. இரண்டு வடை கருகியது, மற்றபடி வெற்றி.

ஏப்ரல் 19, சனி

இன்று ஒரு விஷயம் தெரிந்தது. மனசு ஒரு நிலையில் இல்லை.

பெக்வித் வீட்டில் ஜன்னல்களைத் திறந்துவிட்டு, தூசி தட்டிக்கொண்டிருந்தேன். (டாரதி அம்மா என்னைக் கெஞ்சிக் கேட்டுக்கொண்டதால் இந்த வேலையை ஏற்றேன். அவர் என் கையில் துடைப்பத்தைத் தந்த விதத்திலேயே அந்தக் கெஞ்சல் தெரிந்தது.) செண்பகம் பலகைகளை ஒவ்வொன்றாக எனக்குச் சொல்லிக்கொண்டே வந்தாள். என் கண்ணாடி இன்றைக்கும் வீட்டில்.

"இவரு ஒரு ரொட்டிக்கடைக்காரர் மகன் மாமா. பதினஞ்சு வயசுல ஒரு வக்கீல் ஆபீஸ்ல எழுதப் போட்டுட்டாங்க. பத்திரம், மனு எல்லாம் நகல் எடுக்கிறது."

"எந்த காலேஜ்ல படிச்சாரு?"

"காலேஜ் ஏது? அப்ப இங்க சட்டக் கல்லூரியெல்லாம் அநேகமா கிடையாது. ஒரு வக்கீல்கிட்ட சேர்ந்து, நகல் எழுதி, அவர் புஸ்தகத்தைப் படிச்சு, கோர்ட்ல நாலு கேள்விக்குப் பதில் சொன்னா வக்கீல்தான்."

"அப்ப குமாஸ்தாவா?"

"ஆமா மாமா. குமாஸ்தா."

நான் தூசித்துணியைக் கீழே வைத்துவிட்டேன். அம்பாசமுத்திரம் முன்சீப் கோர்ட்டில், வக்கீல் பிரமநாயகம் அவர்களிடம் முப்பது வருஷம் குமாஸ்தாவாக இருந்தவன் நான். வாதி, பிரதிவாதி, மேற்படி, நாளது தேதி, எல்லாம் என் கையால் நடந்தவை. பிரமநாயகம் ஐயா வாதாடினார் என்று ஜனங்கள் சொல்வார்கள். வாதாடியது வாய், எழுதியது யார்? என் தமிழ்க் கையெழுத்தைப் பார்த்து ஒரு முன்சீப் தன் கல்யாணப் பத்திரிகையை என்னை எழுதித் தரச் சொன்னார்.

நான் இந்த ஊரில், அந்தக் காலத்தில் பிறந்திருந்தால்?

இதை செண்பகத்திடம் கேட்டேன். "மேயராத்தான் ஆகியிருப்பிய" என்றாள். சிரிக்கவில்லை. அதனால் அவள் கேலி செய்தாளா என்று கண்டுபிடிக்க முடியவில்லை.

இன்னும் சில சந்தேகங்கள். அந்தக் காலத்து மேயர் சந்தையில் ரொட்டியை எடை போட்டுப் பார்ப்பாராம், எடை குறைந்தால் பிடுங்கி ஏழைகள் விடுதிக்கு அனுப்புவாராம். கூடத்தில் அந்தத் தராசு இருக்கிறது. அப்படியானால் தன் அப்பா கடை ரொட்டியை எடை போட்டாரா? அப்பா முகத்தைப் பார்த்தாரா, தராசு முள்ளைப் பார்த்தாரா? பலகையில் இல்லை. ஒரு மனிதனைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியதெல்லாம் எப்போதும் பலகையில் இருப்பதில்லை.

ஏப்ரல் 26, சனி

சரித்திரத்தில் இடம்பெற வேண்டிய நாள்.

பக்கத்து ஊரிலிருந்து ஒரு தமிழ்க் குடும்பம் வழி தவறி உள்ளே வந்தது. கோயமுத்தூர்க்காரர்கள், கம்ப்யூட்டர் வேலை. டாரதி அம்மா இங்கிலீஷில் ஆரம்பித்தார். பெரியவர் ஒருவர் கொட்டாவி விட்டதைப் பார்த்தேன். பொறுக்கவில்லை.

"இப்படி வாங்க. இவரு யாரு தெரியுமா?" என்றேன்.

"அட, தமிழுங்களா!" என்றார் பெரியவர். கொட்டாவி பாதியிலேயே நின்றது.

அவ்வளவுதான். பெக்வித் ஐயா பனி உறைந்த ஆற்றில் நடந்தே அக்கரைக்குப் போய் ஒரு விதவையின் வழக்கை நடத்தியதைச் சொன்னேன். வழியில் கரடி. கரடியிடம் அவர் சட்டம் பேசினார். கரடி வாய்தா வாங்கிக்கொண்டு போய்விட்டது. பிறகு ரொட்டித் தராசு. சொந்த அப்பாவின் ரொட்டியை நடுச்சந்தையில் எடை போட்டு, ஒரு சிட்டிகை குறைந்ததற்கு அபராதம் போட்டு, அதைத் தானே கட்டிவிட்டு, ராத்திரி அப்பா காலைப் பிடித்து அழுதார். பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அந்த விரல்ல கறுப்பா என்னங்க?" என்று அவர் மருமகள் கேட்டாள்.

"வெடிமருந்து. ராஜா படையோட சண்டை போட்டப்ப துப்பாக்கி கையிலயே வெடிச்சது."

எனக்கே புல்லரித்தது.

அவர்கள் போகும்போது போட்டோ எடுத்துக்கொண்டார்கள். மேயரோடு ஒன்று, என்னோடு மூன்று.

மே 3, சனி

வாட்ஸப் என்பது ஒரு அற்புதம். கோயமுத்தூர்ப் பெரியவர் எங்கேயோ போட்டிருக்கிறார். இன்று ஏழெட்டு கார். ஒரு அம்மாள் புளியோதரையோடு வந்தாள். டாரதி அம்மா வருகைப் பதிவில் ஒரு பக்கம் நிரம்பியதைப் பார்த்து, என் கையைப் பிடித்துக் குலுக்கினார். தலைவியே குலுக்கினார் என்பதைக் கவனிக்க வேண்டும்.

கரடி இப்போது இரண்டு.

கதை உச்சத்தில் இருக்கும்போது பின்னால் யாரோ செருமினார்கள். செண்பகம்.

வீட்டுக்கு வரும் வழியில் காரில்: "மாமா, அவங்கப்பா இவரு மேயராகிறதுக்கு முன்னாடியே செத்துட்டாரு."

"அப்ப ஆவிக்கு அபராதம்."

"வெடிமருந்துன்னு சொன்னியளாமே. இவரு சண்டைக்கே போகலை. அந்த நேரம் ஆபீஸ்ல நகல் எடுத்துட்டு இருந்தாரு."

"ஏட்டி, அது தெரிஞ்சா யாரு புளியோதரை கட்டிட்டு வருவா?"

"ஜூன் பத்தாந்தேதி சபையில யாராவது எந்திரிச்சு, இந்த வீட்டுல பொய் சொல்லுதாவன்னு சொன்னா, நான் என்ன பதில் சொல்ல? இங்க நான் வக்கீலு. என் பேச்சை நம்பித்தான் அவ்வோ இவ்வளவு நாள் பூட்டாம வச்சிருக்காவ."

நான் ஜன்னல் வழியே பார்த்தேன். அவளே மேலே சொன்னாள்: "சின்ன வயசுல கோர்ட் வராந்தாவுல உக்கார வச்சு நீங்க சொன்ன கதையைக் கேட்டுக் கேட்டுத்தான், எந்தச் சாட்சியையும் நம்பக்கூடாதுன்னு நான் வக்கீலானேன்."

என்னால்தான் வக்கீலானாள் என்பதை அவள் வாயாலேயே ஒப்புக்கொண்டுவிட்டாள்.

மே 6, செவ்வாய்

கரடியை ஒன்றாகக் குறைத்திருக்கிறேன்.

மே 10, சனி

கூட்டம். குழந்தைகள் தராசில் பிஸ்கட் வைத்து எடை போட்டார்கள். நகரசபை உறுப்பினர் ஒருவர் தன் மனைவியோடு வந்து ஓரமாக நின்று பார்த்தார், மீசை வைத்த பருத்த மனிதர். அவருக்குத் தமிழ் தெரியாது, ஆனால் நான் கரடி மாதிரி உறுமியபோது சிரித்துவிட்டார். செண்பகம் இரவு சாப்பாட்டில் எனக்கு ஒரு அப்பளம் கூடுதலாக வைத்தாள். நம்பிக்கை வந்துவிட்டது என்று அர்த்தம்.

படத்தின் முன் தனியாக நின்றேன். இவ்வளவு பெரிய பதவிக்கு வந்தவர் ஏன் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருக்கிறார்? கூப்பிட்டால் எழுந்து ஓட வேண்டியவன் மாதிரி. முப்பது வருஷம் நானும் அப்படித்தான் உட்கார்ந்தேன். சாய்ந்து உட்கார்ந்தால் பிரமநாயகம் ஐயாவுக்குப் பிடிக்காது.

மே 17, சனி

மேயரின் பிறந்தநாள். பிறந்தநாள் என்றால் மரியாதை செய்ய வேண்டாமா?

ரோஜாவும் சாமந்தியும் வாங்கி நானே மாலை கட்டினேன். சந்தனம் நான் ஊரிலிருந்தே கொண்டுவந்தது. குங்குமமும் இருந்தது. தமிழ்க் குடும்பங்கள் கூடத்தில் நிறைந்து நின்றார்கள். ஒரு ஸ்டூலில் ஏறி மாலையைச் சட்டத்தின்மேல் போட்டேன். எல்லோரும் கை தட்டினார்கள். பிறகு சந்தனத்தைக் குழைத்து, நம் வீடுகளில் காலங்காலமாகச் செய்கிறபடி, அவர் நெற்றியில் வட்டமாக ஒரு பொட்டு. அதன்மேல் குங்குமம்.

விரல் பட்டதும் ஏதோ சொரசொரவென்று இருந்தது. படத்தில் கண்ணாடி இல்லை.

இதை நான் எப்படி எதிர்பார்ப்பேன்? காந்தி படத்துக்குக் கண்ணாடி உண்டு. என் அப்பா படத்துக்கு உண்டு. எங்கள் தெரு டீக்கடை முருகன் காலண்டருக்கே கண்ணாடி போட்டிருக்கிறான். ஒரு ஊரின் முதல் மேயரைக் கண்ணாடி இல்லாமல் தொங்கவிடுவார்கள் என்று யார் நினைப்பார்?

டாரதி அம்மா போட்ட சத்தத்தில் ஸ்டூல் ஆடியது. புளியோதரை அம்மாள் சாமி கும்பிட்டபடியே பின்வாங்கினாள். செண்பகம் ஓடி வந்து என் கையைப் பிடித்து இறக்கினாள். அவள் முகத்தைப் பார்த்தேன். என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

மே 18, ஞாயிறு

எழுத ஒன்றும் இல்லை. தோசை.

மே 20, செவ்வாய்

கமிட்டி கூடியது. நான் போகவில்லை, எனக்கு வேறு வேலைகள் இருந்தன. துணி மடித்தேன்.

செண்பகம் வந்து சொன்னது: படத்தைச் சுத்தம் செய்ய, காலேஜ் மியூசியத்தில் வேலை செய்யும் மிரியம் என்ற அம்மாள் எடுத்துப் போயிருக்கிறாள். டாரதி அம்மா, "உன் மாமா இனி உள்ளே வரக்கூடாது" என்றிருக்கிறார். அந்த மீசைக்காரர் தவிர மற்ற உறுப்பினர்கள் எல்லாம், இப்படி ஒரு படத்தைக்கூடப் பாதுகாக்கத் தெரியாதவர்கள் கையில் வீடு எதற்கு என்று பேசுகிறார்களாம். உள்ளூர்ப் பேப்பரில் வந்துவிட்டது. போட்டோவில் மேயர் நெற்றிப் பொட்டோடு இருக்கிறார். நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் இதைச் சொல்லும் நேரம் இது இல்லை.

"நான் ஊருக்குப் போயிடட்டுமா?" என்றேன்.

"பத்தாந்தேதி வரைக்கும் இருங்க மாமா. ஓடிப் போனா அது வேற மாதிரி ஆயிரும்."

"நானா ஓடுவேன்? ஒரு தடவை ராணுவமே…"

"மாமா."

நிறுத்திக்கொண்டேன்.

மே 31, சனி

மிரியம் எங்களைக் கூப்பிட்டிருந்தாள். குட்டை முடி, கழுத்தில் ஒரு பூதக்கண்ணாடி, கையில் பஞ்சு சுற்றிய குச்சிகள். நான் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன், எதையும் தொடவில்லை.

அவள் சொன்னதை செண்பகம் சொல்லச் சொல்லக் கேட்டேன். சந்தனம் பெயிண்டுக்குள் இறங்கவில்லை. படத்தின்மேல் பழைய காலத்து வார்னிஷும், அதற்கு மேல் விளக்குப் புகையும் கணப்புப் புகையும் தடித்துக் கிடந்ததால், சந்தனம் அதன்மேலேயே நின்றுவிட்டது. அதைத் துடைத்தபோது புகையும் கூடவே வந்திருக்கிறது. நெற்றி நடுவே சுத்தமான ஒரு வட்டம் தெரிந்ததாம். பளிச்சென்று, மனுஷத் தோல் நிறத்தில். உள்ளே இப்படி ஒரு ஆள் இருக்கிறாரா என்று மிரியமுக்கு ஆசை வந்துவிட்டது. டாரதி அம்மாவிடம் கேட்டுவிட்டு, பாதிப் படத்தைச் சுத்தம் செய்துவிட்டாள்.

திரையை விலக்கினாள்.

பெக்வித் ஐயாவுக்குக் கன்னத்தில் சிவப்பு உண்டு. கண் நீலம். வாய் இறுகிக் கிடக்கவில்லை, ஓரத்தில் ஒரு சிரிப்பு வருவதா வேண்டாமா என்று நிற்கிறது. பின்னால் ஜன்னல், ஜன்னலில் ஆறு. இவ்வளவு நாளும் இவர் இருட்டில் இருந்தார் என்று நினைத்தோம். பகலில்தான் உட்கார்ந்திருக்கிறார்.

மிரியம் விரலைக் காட்டினாள். அந்தக் கரும்புள்ளி அழுக்கு இல்லையாம், சாயத்திலேயே இருக்கிறதாம். ஓவியர் வேண்டுமென்றே தீட்டியிருக்கிறார். நடுவிரலின் முதல் கணுவில், பேனா அழுந்தும் இடத்தில்.

"வெடிமருந்தான்னு கேளு" என்றேன் செண்பகத்திடம்.

அவள் கேட்டாள். மிரியம் சிரித்துக்கொண்டே இல்லையென்று தலையாட்டி, ஒரே வார்த்தை சொன்னாள். அந்த வார்த்தை எனக்கும் தெரியும். இங்க்.

மை.

பெரிய மனிதர்களை அந்தக் காலத்தில் இப்படி வரைய மாட்டார்கள் என்றாள். கையைக் கழுவிக்கொண்டு, மோதிரம் போட்டுக்கொண்டுதான் உட்காருவார்கள். ஓவியர் தானாகத் தீட்டியிருந்தால் காசு கொடுக்கிறவர் விட்டிருக்க மாட்டார். அப்படியானால் இவரே கேட்டிருக்க வேண்டும். ஏன் என்று யாருக்கும் தெரியாது.

நான் பூதக்கண்ணாடியைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். பிறகு பூதக்கண்ணாடி இல்லாமல் வேறு ஒன்றைப் பார்த்தேன். அது படத்தில் இல்லை.

ஜூன் 1, ஞாயிறு

ஏன் துடைக்கவில்லை?

ஜூன் 4, புதன்

பாத்திரம் கழுவும் மெஷினில் தவறான சோப்பைப் போட்டுவிட்டேன். அடுக்களை முழுக்க நுரை. துடைத்துக்கொண்டே யோசித்தேன். மேயர் ஆனபிறகு நாலு குமாஸ்தா வைத்திருக்கலாம். விரலில் மை ஆகாமல் வாழ்ந்திருக்கலாம். படம் வரையும் அன்றைக்காவது கழுவியிருக்கலாம். எலுமிச்சம்பழமும் உப்பும் போட்டுத் தேய்த்தால் பாதி போகும். கல்யாணத்தன்று எனக்கு என் அம்மா தேய்த்தாள். போகவில்லை. கோமதி அதைப் பார்த்துவிட்டு, எழுதப் படிக்கத் தெரிந்த மாப்பிள்ளைதான் என்று தைரியமானாளாம். பல வருஷம் கழித்துச் சொன்னாள்.

போன சித்திரையில் அவள் இல்லாமல் வடை சுட ஆள் இல்லை என்பதால்தான் இந்த வருஷம் நானே சுட்டேன். அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை.

ஜூன் 8, ஞாயிறு

நகரசபையில் யார் வேண்டுமானாலும் எழுந்து மூன்று நிமிஷம் பேசலாம். மேஜையில் சின்ன விளக்கு இருக்கும்: பச்சை எரிந்தால் பேசு, மஞ்சள் எரிந்தால் முடி, சிவப்பு எரிந்தால் உட்கார். நான் மன்னிப்புக் கேட்பது நல்லது என்று செண்பகம் நினைக்கிறாள். ஒரு தாளில் எழுதித் தந்தாள்.

"ஐ யாம் வெரி சாரி. ஐ டிட் நாட் நோ தேர் வாஸ் நோ க்ளாஸ்." இப்படியே பத்து வரி. இங்கிலீஷ்தான், ஆனால் எல்லாம் தமிழ் எழுத்தில்.

வக்கீலாக இத்தனை வருஷம் இருந்தும் இங்கிலீஷ் எழுத்து அவளுக்கு மறந்துவிட்டது போலிருக்கிறது. நான் அதைச் சுட்டிக்காட்டவில்லை. தாளை என் கையில் வைத்துவிட்டு, குழம்பைக் கிளறப் போய்விட்டாள்.

ஜூன் 10, செவ்வாய்

இன்று நான் நகரசபையில் பேசினேன். மண்டபம் கிடுகிடுத்தது. உறுப்பினர்கள் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்கள். ஒருவர் தண்ணீர் குடித்தார்.

நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

முதலில் டாரதி அம்மா பேசினார். மிரியம் சுத்தம் செய்த படத்தைக் கொண்டுவந்து ஒரு தாங்கியில் நிறுத்தியிருந்தார்கள். அதைக் கைகாட்டி அவர் நல்லதாகவே பேசினார் என்று நினைக்கிறேன். ஆனால் என் பக்கம் பார்க்கவில்லை. பிறகு ஒரு ஒல்லி உறுப்பினர் எழுந்து கேள்வி கேட்டார். பேச்சு நடுவில் "ஸ்டோரீஸ்" என்று வந்தது, "பேர்" என்று வந்தது. கரடிக்குத்தான் அந்தப் பெயர். செண்பகம் கழுத்து வரை சிவந்துவிட்டாள்.

அப்புறம் என் பெயர். பூதலிங்கம் என்பதை அவர்கள் உடைத்து உடைத்துச் சொன்னார்கள். எழுந்து போனேன். பச்சை விளக்கு. தாள் பையில் இருந்தது, எடுக்கவில்லை. மைக்கில் "சாரி" என்றேன். அந்த ஒரு வார்த்தைக்குத் தாள் எதற்கு? பிறகு செண்பகத்தைப் பக்கத்தில் வரச் சொல்லி, தமிழில் பேசினேன்.

நான் பேசியது இதுதான்: "அது வெடிமருந்து இல்ல, மை. கழுவாம உக்காந்திருக்காரு. நானும் கழுவினதில்ல."

நடுவிரலைத் தூக்கிக் காட்டினேன். சபையில் இரண்டு பேர் திடுக்கிட்டார்கள். அமெரிக்காவில் நடுவிரலைத் தனியாகக் காட்டக்கூடாது என்று செண்பகம் காதில் சொன்னாள். மற்ற விரல்களையும் விரித்து, முழுக் கையாகக் காட்டினேன். பேனா அழுத்திய இடத்தில் காய்ப்பு இன்னும் இருக்கிறது, உள்ளே நீலம் இறங்கியிருக்கிறது. மீசைக்காரர் எட்டிப் பார்த்தார்.

அதற்குமேல் எனக்கு வார்த்தை வரவில்லை. எனக்கே ஆச்சரியம்.

விளக்கு இன்னும் பச்சைதான். செண்பகம் மைக்கைத் தன் பக்கம் திருப்பி, நான் சொன்னதை இங்கிலீஷில் சொல்ல ஆரம்பித்தாள்.

சொன்னாள், சொன்னாள், சொல்லிக்கொண்டே இருந்தாள். நான் பேசியதோ மூச்சு விடும் நேரம். இது எங்கே போகிறது? "கோர்ட்" என்று வந்தது. "மை அங்கிள்" என்று பத்து தடவை. "ரைஸ்" என்று வந்தது, சபையில் ஒரு அம்மாள் மூக்கைத் துடைத்தாள். படத்தைக் காட்டினாள். என் கையைப் பிடித்துத் தூக்கி, படத்தின் கைக்குப் பக்கத்தில் வைத்தாள். மஞ்சள் எரிந்தது. சிவப்பு எரிந்தது. யாரும் அவளை உட்காரச் சொல்லவில்லை.

ஓட்டெடுப்பு. வீடு நிற்கும், இன்னும் இரண்டு வருஷம். ஒரே ஒரு ஓட்டு வித்தியாசம். ஒல்லி உறுப்பினர் எதிர்த்தார், பரவாயில்லை. டாரதி அம்மா என்னிடம் வந்து என் கையைத் திருப்பி விரலைப் பார்த்துவிட்டு, தட்டிக்கொடுத்துவிட்டுப் போனார்.

காரில் ஏறியதும் கேட்டேன். "ஏட்டி, நான் சொன்னது அவ்வளவுதானே? நீ என்ன சொன்ன?"

"நீங்க சொன்னதைத்தான்."

"ரைஸ்னு எங்க சொன்னேன்?"

அவள் வண்டியைக் கிளப்பாமல் இருந்தாள். "எழுதத் தெரியாத சனங்க எல்லாம் வராந்தாவுல உங்களைச் சுத்தி நிப்பாவன்னு சொன்னேன். மத்தியானம் எனக்குச் சோறு உருட்டித் தருவியள்லா, அதுல மை வாசம் அடிக்கும்னு சொன்னேன். அது நெசந்தான?"

"நெசம்."

"அப்புறம், ஓவியர் கையைக் கழுவிட்டு வாங்கன்னு மேயர்கிட்ட சொன்னப்ப, வேண்டாம், நான் மனு எழுதிக் கொடுத்த சனங்க இந்தப் படத்தைப் பார்த்தா முகத்தை அடையாளம் தெரியாது, விரலைத்தான் தெரியும்னு அவர் சொன்னதாச் சொன்னேன்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அது எந்தப் பலகையில இருக்கு?"

"எந்தப் பலகையிலயும் இல்ல."

"பின்ன எப்படி? நீ வக்கீலு!"

"'எங்க மாமா சொல்லுதாவ'ன்னு ஆரம்பிச்சுத்தான் சொன்னேன். மூணு நிமிஷம் கிடக்கு, நீங்க பாட்டுக்கு ரெண்டு வாக்கியத்துல முடிச்சிட்டிய. வேற ஒரு நாளா இருந்தா நீங்க சொல்லாமலா இருந்திருப்பிய?"

நான் யோசித்துப் பார்த்தேன். இருந்திருக்க மாட்டேன். ஆனால் இவ்வளவு நன்றாகச் சொல்லியிருப்பேனா என்பது சந்தேகம். இதை அவளிடம் சொல்லவில்லை.

வழியில் ஐஸ்கிரீம் வாங்கித் தந்தாள்.

ஜூன் 14, சனி

படம் திரும்பிவிட்டது. கண்ணாடி போட்டு மாட்டியிருக்கிறார்கள். எனக்காகத்தான் என்று டாரதி அம்மா சைகையில் காட்டினார். கௌரவம்தானே? வாசலில் கார்கள். புளியோதரை அம்மாள் இந்தத் தடவை எலுமிச்சை சாதம்.

ஒல்லி உறுப்பினர் கேட்டதற்காக, இனி பலகைகளில் இருப்பது வேறு, வழிகாட்டி சொல்வது வேறு என்று வாசலில் ஒரு அறிவிப்பு வைத்திருக்கிறாள் செண்பகம். கரடிக்கு அதனால் ஆபத்தில்லை.

படத்தின் கீழே புதுப் பலகை. அவள் எழுதியது. நான் அதன் முன் நின்றேன். மூக்குக்கண்ணாடி என் சட்டைப் பையில்தான் இருந்தது, அவளும் அதைப் பார்த்தாள்.

"நீயே வாசிம்மா" என்றேன்.

ஏன் என்று அவள் கேட்கவில்லை. பக்கத்தில் வந்து, என் காதுக்கு மட்டும் கேட்கிற மாதிரி, தமிழில் வாசித்தாள்:

"ஏமஸ் பெக்வித். குமாஸ்தா, வக்கீல், இந்நகரின் முதல் மேயர். விரலில் இருப்பது மை. அதை ஏன் கழுவவில்லை என்பது தெரியவில்லை. வழிகாட்டியைக் கேளுங்கள்."

கதவைத் திறந்துவிட்டார்கள். கைவசம் இப்போதைக்கு நாலு காரணம் இருக்கிறது. ஒன்றில் கரடி வருகிறது.